பிள்ளை வாசிக்கிறானா, ஒப்பிக்கிறானா?

சுங்கை சிப்புட் பக்கம் ஒரு தோட்டம். முன்பு பால்மரக் காடு. இப்போது எந்தப் பக்கம் திரும்பினாலும் செம்பனை. லயத்து வீடுகளில் பாதி காலியாகிக் கிடக்கின்றன. மிச்சமிருக்கும் வீடொன்றில், சென்ற ஆண்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை, தெரிந்தவர் ஒருவரைப் பார்க்கப் போயிருந்தேன். அவர் வெளியே போயிருந்தார். அவருடைய தாயார்தாம் வாசலில் நாற்காலி போட்டு, "பசியாறிட்டீங்களா?" என்று கேட்டுத் தேநீரும் கொடுத்தார். முப்பது வருடம் பால் வெட்டிய கை. பேச்சு எங்கெங்கோ சுற்றிப் பேரனின் படிப்பில் வந்து நின்றது.

"எங்க வீட்டிலேயே இவன்தாங்க நல்லா படிக்கிறான். டேய், அந்தப் பொஸ்தகத்த எடுத்தாந்து ஐயாவுக்குப் படிச்சிக் காட்டுடா!"

பையன் இரண்டாம் ஆண்டு. வெட்கப்பட்டுக்கொண்டே வந்தான். புத்தகத்தை விரித்தான். கணீரென்று ஒரு பக்கம் முழுக்கச் சொல்லி முடித்தான். ஒரு தடங்கல் கிடையாது. பாட்டிக்கு முகமெல்லாம் பூரிப்பு. எனக்கும் மகிழ்ச்சிதான். ஆனால், எழுந்து அவன் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தேன் பாருங்கள், அப்போதுதான் திடுக்கிட்டேன். அவன் வாய் சொன்னது ஒரு பாடம். விரித்து வைத்திருந்த பக்கத்தில் இருந்தது வேறு பாடம்!

மெதுவாக ஒரு சொல்லின் மேல் விரலை வைத்து, "இது என்ன தம்பி?" என்றேன். "கடல்" என்று எழுதியிருந்தது. பையன் என் முகத்தைப் பார்த்தான். பிறகு படத்தைத் தேடினான். பக்கத்தில் கடல் படம் இல்லை. "எழுத்துக் கூட்டிச் சொல்லு" என்றேன். "க..." என்றான். அதோடு சரி. தலையைக் குனிந்துகொண்டான். பாட்டி அப்போதும் பெருமையாக, "எல்லாத்தையும் மனப்பாடமாவே சொல்லிடுவாங்க!" என்றார்.

அந்தப் பையன் யாரையும் ஏமாற்ற நினைக்கவில்லை. வகுப்பில் ஆசிரியர் முன்னே சொல்ல, முப்பது பிள்ளைகள் பின்னே சொல்கிறார்கள். நல்ல காது, நல்ல ஞாபகசக்தி. இரண்டு நாளில் பாடம் முழுக்க வாயில் ஏறிவிடுகிறது. பெரியவர்கள் 'சபாஷ்' என்கிறார்கள். இதுதான் படிப்பு என்று பிள்ளை நம்பிவிடுகிறது. உண்மை எப்போது தெரிகிறது? நான்காம் ஆண்டில், ஐந்தாம் ஆண்டில், பாடம் நீண்டு, கணக்குக்கூட வாக்கியமாக வரும்போது தெரிகிறது. அப்போது 'மண்டு' என்று பெயர் வைத்துவிடுகிறோம். ஞாபகசக்தியில் வகுப்பிலேயே முதலாவதாக இருந்த பிள்ளைக்கு மண்டு என்று பெயர்!

பாட்டாளிப் பெற்றோர்களே, இந்த வாரம் இதைத்தான் உங்களிடம் பேச வந்தேன். வாசிக்கக் கற்றுக்கொடுப்பது எப்படி என்பதைப் பற்றி உலகத்தில் ஐம்பது அறுபது ஆண்டுகளாக ஆராய்ச்சி நடந்திருக்கிறது. அதில் தெரிந்த விஷயங்கள் பேராசிரியர்களின் அலமாரியிலேயே இருந்தால் போதாது. லயத்து வாசலுக்கும் தாமான் வீட்டுக்கும் வர வேண்டும்.

முதலில் ஒன்று. பேச்சு வேறு, வாசிப்பு வேறு. பிள்ளைக்குப் பேச்சு தானாக வரும். யாரும் பாடம் நடத்துவதில்லை. அம்மா பேசுவதைக் கேட்டே மூன்று வயதில் வாயாடுகிறது. வாசிப்பு அப்படியல்ல. எழுத்து என்ற ஒன்றை மனிதன் கண்டுபிடித்தே ஏறக்குறைய ஐயாயிரம் ஆண்டுகள்தாம் ஆகின்றன. மூளையில் அதற்கென்று பிறவியிலேயே ஓர் இடம் இல்லை. முகங்களையும் பொருள்களையும் அடையாளம் காணும் பகுதியில் ஒரு மூலையைப் பிடித்து, அதைப் பேச்சு ஒலியோடு இணைத்து, புதிதாக ஒரு பாதை போட வேண்டியிருக்கிறது. பிரான்சு நாட்டு மூளை ஆய்வாளர் ஸ்டனிஸ்லாஸ் டெஹான் இதை விரிவாக எழுதியிருக்கிறார். அந்தப் பாதை எழுத்துக்கும் ஒலிக்கும் நடுவே போட வேண்டிய பாதை. படத்தைப் பார்த்து ஊகிப்பதாலோ, பாடத்தை ஒப்பிப்பதாலோ அது விழாது.

மேல்நாட்டில் இதைப் பற்றிப் பெரிய சண்டையே நடந்தது. ஒரு கட்சியார், "எழுத்தை ஒலியோடு சேர்த்து, ஒழுங்கு முறையாகக் கற்றுக்கொடு, பிள்ளை கூட்டிப் படிக்கட்டும்" என்றார்கள். இன்னொரு கட்சியார், "அதெல்லாம் சலிப்பு, முழுச் சொல்லைக் காட்டு, நல்ல கதையைக் கொடு, தானாகப் பிடித்துக்கொள்ளும்" என்றார்கள். அமெரிக்காவில் ஜீன் சால் என்ற பேராசிரியை அதுவரை நடந்த ஆய்வுகளையெல்லாம் அலசி 1967-இல் ஒரு புத்தகம் வெளியிட்டார். ஆரம்ப வகுப்புகளில் எழுத்து-ஒலி முறையே நல்ல பலன் தருகிறது என்பது அவர் கண்ட முடிவு. சண்டை அதோடு ஓயவில்லை. 2000-ஆம் ஆண்டில் அமெரிக்க அரசு அமைத்த குழு மறுபடியும் ஆய்வுகளைத் திரட்டிப் பார்த்து, ஏறக்குறைய அதையே சொன்னது. சொல்லிலுள்ள ஒலிகளைக் காதால் பிரித்தறிதல், எழுத்தை ஒலியோடு பொருத்துதல், தடங்கலில்லாமல் ஓட்டமாக வாசித்தல், சொல்வளம், பொருளறிதல் என்ற ஐந்தும் வேண்டும் என்றது. கதையும் வேண்டும், எழுத்தும் வேண்டும். ஆனால் எழுத்தை 'தானாக வரும்' என்று விட்டுவிட முடியாது.

இங்கிலாந்தில் 2012 முதல் முதலாம் ஆண்டுப் பிள்ளைகளுக்கு ஒரு சின்னச் சோதனை வைக்கிறார்கள். நாற்பது சொற்கள். ஆசிரியர் ஒரு பிள்ளையைப் பக்கத்தில் உட்கார வைத்து வாசிக்கச் சொல்கிறார். வேடிக்கை என்னவென்றால், அதில் இருபது சொற்களுக்குப் பொருளே கிடையாது! வேண்டுமென்றே பொய்ச் சொல்லைக் கலந்திருக்கிறார்கள். ஏன்? பொருளில்லாத சொல்லை எந்தப் பிள்ளையும் மனப்பாடம் செய்திருக்காது. எழுத்து உண்மையிலேயே தெரிந்தால்தான் வாய் திறக்கும். அந்த ஞாயிற்றுக்கிழமை எனக்கும் இது ஞாபகம் வந்தது. ஒரு தாளில் "பலமி" என்று எழுதிக் காட்டினேன். பையன் "பலகை" என்றான். முதல் இரண்டு எழுத்தைப் பார்த்தான், மீதியை ஊகித்துவிட்டான். நோய் எங்கே என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

"வெள்ளைக்காரன் ஆராய்ச்சி நமக்கெதுக்கு ஐயா? அவன் எழுத்து இருபத்தாறு, நம்ம எழுத்து இருநூத்து நாப்பத்தேழு" என்று சிலர் கேட்கலாம். நல்ல கேள்விதான். அதற்கு முன்னால் ஒரு பழைய கதையைச் சொல்லிவிடுகிறேன்.

1789-இல் சென்னை எழும்பூரில் ஆங்கிலச் சிப்பாய்களின் அநாதைப் பிள்ளைகளுக்காக ஒரு விடுதிப் பள்ளி இருந்தது. அதற்குப் பொறுப்பேற்றவர் ஆண்ட்ரூ பெல் என்ற ஸ்காட்லாந்துப் பாதிரியார். ஆசிரியர்கள் சரியில்லை, பிள்ளைகளுக்கு எழுத்தே ஏறவில்லை என்று அவர் தவித்துக்கொண்டிருந்தார். ஒருநாள் நாட்டுப் பள்ளிக்கூடம் ஒன்றைக் கண்டார். பிள்ளைகள் தரையில் உட்கார்ந்து மணலில் விரலால் எழுத்தெழுதிப் பழகிக்கொண்டிருந்தார்கள். நம் திண்ணைப் பள்ளிக்கூடம்தான், வேறென்ன! பெல் அதைத் தம் பள்ளிக்குக் கொண்டுபோனார். வாத்தியார்கள் முகம் சுளித்தார்கள். அவர் விடவில்லை, எழுத்துத் தெரிந்த ஒரு சிறு பையனையே மற்றப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்க வைத்தார். நம் ஊர்ச் சட்டாம்பிள்ளை முறை. 1797-இல் இதை அவர் நூலாக எழுதி லண்டனில் வெளியிட, 'மெட்ராஸ் முறை' என்ற பெயரோடு அது இங்கிலாந்து முழுக்கப் பரவியது. ஆகவே வெள்ளைக்காரன் நம்மிடம் வாங்கிப்போனதும் உண்டு. கடன் திரும்பி வருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

மணலில் எழுதியது வீண் சடங்கும் அல்ல. அமெரிக்காவில் கேரின் ஜேம்ஸ் என்பவர் 2012-இல் வெளியிட்ட ஆய்வில், இன்னும் வாசிக்கத் தெரியாத ஐந்து வயதுப் பிள்ளைகளிடம் சோதித்துப் பார்த்தார். கையால் எழுதிப் பழகிய எழுத்தைப் பார்க்கும்போது மூளையின் வாசிப்புப் பகுதி வேலை செய்தது. விசையைத் தட்டிப் பழகிய எழுத்துக்கு அப்படி வேலை செய்யவில்லை. கைத்தொலைபேசியில் 'அ ஆ' பாட்டுப் போட்டுக் கொடுத்துவிட்டு, பிள்ளை படிக்கிறது என்று நிம்மதியாக இருக்கும் தாய்மார்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

இனி அந்த இருநூற்று நாற்பத்தேழுக்கு வருவோம். 12 உயிர், 18 மெய், 216 உயிர்மெய், ஓர் ஆய்தம். கேட்கவே மலைப்பு. நம் எழுத்தைப் போலவே உயிர்மெய் வரிசை கொண்டது கன்னடம். சொனாலி நாக் என்ற ஆய்வாளர் கன்னடப் பள்ளிப் பிள்ளைகளைச் சோதித்து 2007-இல் வெளியிட்ட ஆய்வில், இத்தகைய எழுத்துகள் முழுதாகக் கைவர நான்காம் வகுப்பு வரைகூட ஆகலாம் என்று கண்டார். ஆங்கில எழுத்து இருபத்தாறையும் ஒரு வருடத்துக்குள் அடையாளம் கண்டுகொள்ளலாம். நம் எழுத்துக்கு அந்த அவகாசம் போதாது. ஆகவே, முதலாம் ஆண்டு முடிவதற்குள் எழுத்து அட்டவணையை ஓட்டி முடித்துவிட்டு, "எல்லாம் சொல்லியாச்சு" என்று கையைத் தட்டிவிடுவது தவறு. "க கா கி கீ" என்று ராகம் போட்டுப் பாடினால் 247-உம் வாயில் வந்துவிடும். நடுவில் ஒரு "தூ"வைத் தனியே எடுத்துக் காட்டினால் பிள்ளை விழிக்கும். "த தா தி தீ" என்று முதலிலிருந்து ஏறி வந்தால்தான் அதன் வாயில் வரும். இதை எத்தனை வீட்டில் பார்த்திருக்கிறேன்!

பாட்டு வேண்டாம் என்று சொல்லவில்லை. பாட்டோடு நின்றுவிடக் கூடாது. ப, ட, ம என்ற மூன்றே எழுத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு புள்ளி வைக்கவும் சொல்லிக்கொடுத்துவிட்டால் படம், மடம், பட்டம், மட்டம் என்று நான்கு சொல் வந்துவிடுகிறது. மூன்று எழுத்தில் பிள்ளை 'வாசகர்' ஆகிவிடுகிறது! அடுத்த வாரம் இன்னும் இரண்டு எழுத்து. பழையதையும் சேர்த்து வாசிக்க வேண்டும். அதற்கப்புறம் கால் போட்டுப் பாடம், மாடம். தெரியாத எழுத்துள்ள சொல்லைக் கொடுத்து ஊகிக்க வைக்காமல், தெரிந்த எழுத்தாலான சொல்லைக் கொடுத்து வாசிக்க வைப்பதுதான் இந்த முறையின் உயிர்.

எங்கே சறுக்கும் என்பதையும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். கால் போடுவது சுலபம், எல்லா எழுத்துக்கும் ஒரே கால்தான். உகர வரிசைதான் வில்லங்கம். கு, சு, டு, து, மு, பு என்று எழுதிப் பாருங்கள். ஒவ்வொன்றுக்கும் ஒரு சுழி, ஒரு வளைவு, ஒரு கீழ்க்கோடு. ஊகாரம் அதைவிட மோசம். இங்கேதான் பல பிள்ளைகள் வண்டியை நிறுத்திவிடுகின்றன. பிறகு கொம்பு. "கெ" என்பதில் கொம்பு முன்னால் நிற்கிறது, ஒலியோ பின்னால் வருகிறது. கண் ஒரு வரிசையில் போக, வாய் இன்னொரு வரிசையில் போக வேண்டும். பெரியவர்களுக்கு இது தெரிவதே இல்லை, பழகிவிட்டது. பிள்ளைக்கு இது பெரிய மலை. இந்த இரண்டு இடத்திலும் ஒரு மாதம் கூடுதலாக நின்றால் குடி முழுகிப் போகாது. நம்மில் வயதானவர்களுக்கு ஞாபகமிருக்கும், 'லை', 'னை', 'ணா', 'றா' எல்லாம் அந்தக் காலத்தில் வேறு உருவத்தில் இருந்தன. 1978-இல் தமிழ்நாட்டு அரசு 13 எழுத்துகளைச் சீர்திருத்தியது. பிறகு நம் நாட்டிலும் அதுவே வழக்குக்கு வந்தது. அந்தப் பதின்மூன்று தொல்லை குறைந்தது. உகரத் தொல்லை அப்படியே இருக்கிறது!

இன்னொரு சிக்கல் நம் நாட்டுப் பிள்ளைகளுக்கே உரியது. பாரிட் புந்தார் என்று தமிழில் எழுதிப் பாருங்கள். இரண்டு சொல்லும் 'ப'வில்தான் தொடங்குகின்றன. முதல் 'ப' அப்பாவின் ப. இரண்டாவது, பஸ்ஸின் ப. மலாயில் எழுதினால் இரண்டுக்கும் தனித்தனி எழுத்து. பத்து காஜா, பீடோர், பேராக் எல்லாவற்றுக்கும் இதே கதைதான். தமிழ்ச் சொல்லில் இதற்கு ஒழுங்கு உண்டு: சொல்லின் முதலில் வந்தாலும் இரட்டித்து வந்தாலும் வல்லோசை, "அன்பு", "பாம்பு" என்று மெல்லெழுத்துக்குப் பின்னால் வந்தால் ஓசை மெலியும். பிறமொழிச் சொல்தான் அந்த ஒழுங்கைக் குலைக்கிறது. முதலாம் ஆண்டிலேயே தமிழ், மலாய், ஆங்கிலம் என்று மூன்று மொழியை வாசிக்கப் போகும் பிள்ளைக்கு, இந்த வித்தியாசத்தை ஆசிரியர் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் பிள்ளை தன்மேலேயே பழியைப் போட்டுக்கொள்ளும்.

இவ்வளவும் எழுத்துப் பாடம். எழுத்து வந்துவிட்டால் பொருள் வந்துவிடுமா? வராது. நம் வீட்டுத் தமிழ் ஒன்று, புத்தகத் தமிழ் ஒன்று. வீட்டில் "எடம்", புத்தகத்தில் "இடம்". வீட்டில் "ஒடம்பு", புத்தகத்தில் "உடம்பு". "மழ பேயுது" என்று அம்மா சொல்கிறார், "மழை பெய்கிறது" என்று பாடம் சொல்கிறது. "பாத்துக்கிட்டு" என்று பேசும் பிள்ளை, "பார்த்துக்கொண்டு" என்ற சொல்லைக் காதால் கேட்டதே இல்லை; அதைக் கூட்டிப் படித்து முடித்தாலும், இது நமக்குத் தெரிந்த சொல்தான் என்று அதற்கு உறைப்பதில்லை. அரபு மொழியிலும் இதே நிலைதான்: பேச்சு ஒன்று, எழுத்து ஒன்று. அங்கே டினா ஃபைட்டல்சன் என்பவரும் உடன் ஆய்வாளர்களும் பாலர் பள்ளிப் பிள்ளைகளுக்கு எழுத்து நடையிலுள்ள கதைகளைச் சில மாதங்கள் நாள்தோறும் வாசித்துக் காட்டினார்கள். 1993-இல் அந்த ஆய்வு வெளிவந்தது. கதை கேட்ட பிள்ளைகள் புத்தக மொழியை மற்றவர்களைவிட நன்றாகப் புரிந்துகொண்டார்கள். வேறொன்றும் செய்யவில்லை; வாசித்துக் காட்டினார்கள், அவ்வளவுதான்.

ஆகவே நம் வீட்டில் ஒருவர் இரவில் பத்து நிமிடம் பிள்ளைக்கு வாசித்துக் காட்ட முடிந்தால், அது ஐம்பது வெள்ளி டியூஷனுக்குச் சமம் என்பேன். தமிழ்ப் பத்திரிகைச் சிறுவர் பகுதியாக இருக்கட்டும், பள்ளி நூலகக் கதையாக இருக்கட்டும். பிள்ளைக்குத் தெரிந்த உலகமாக இருந்தால் இன்னும் நல்லது. அமெரிக்காவில் 1988-இல் வெளிவந்த ஓர் ஆய்வில், வாசிப்பில் பின்தங்கியிருந்தாலும் பேஸ்பால் ஆட்டம் நன்கு தெரிந்த மாணவர்கள், அந்த ஆட்டத்தைப் பற்றிய கதையை, நன்றாக வாசித்தும் ஆட்டம் தெரியாத மாணவர்களைவிடச் சரியாகப் புரிந்துகொண்டார்கள். நம் பிள்ளைகளுக்குப் பந்து தெரியும், குலை வெட்டுவது தெரியும், உதிரிப்பழம் பொறுக்குவது தெரியும், தீமிதி தெரியும். இவற்றைப் பற்றி வாசிக்க நம் பிள்ளைகளுக்கு எத்தனை சிறு நூல்கள் இருக்கின்றன? எழுதத் தெரிந்தவர்கள் யோசிக்கட்டும்.

"விடிகாலையிலேயே பெரட்டுக்குப் போய், சாயங்காலம் வந்து, சமைச்சு, துணி தொவச்சு... இதுல எங்கங்க பத்து நிமிசம்? எனக்குப் படிக்கவும் தெரியாது" என்று சகோதரிகள் கேட்பது என் காதில் விழுகிறது. படிக்கத் தெரியாத தாயும் செய்யக்கூடியதைச் சொல்கிறேன். காய் நறுக்கும்போதே "கத்தரிக்காய்" என்பதைக் கைதட்டிப் பிரிக்கச் சொல்லுங்கள்: கத்-த-ரிக்-காய், நாலு தட்டு. "'பல்'லுல 'ப'வ எடுத்துட்டு 'க' போட்டா என்னடா?" கல். "'வ' போட்டா?" வல். அப்படி ஒரு சொல் உண்டா இல்லையா என்று பிள்ளை யோசிக்கட்டும், சிரிக்கட்டும். விடுகதை போடுங்கள். எழுத்தே இல்லாத இந்த விளையாட்டுத்தான் நான் மேலே சொன்ன ஒலி பிரித்தறியும் பயிற்சி. பிறகு பிள்ளையை உங்களுக்குப் படித்துக் காட்டச் சொல்லுங்கள். சரியா தப்பா என்று உங்களுக்குத் தெரியாவிட்டாலும் பரவாயில்லை. விரல் எழுத்தின் மேல் நகர்கிறதா, இல்லை கண் கூரையைப் பார்த்துக்கொண்டு வாய் மட்டும் ஓடுகிறதா என்று பார்க்கத் தெரியும் அல்லவா? பக்கத்தின் நடுவில் ஒரு சொல்லைத் தொட்டுக் கேளுங்கள். கடைசி வரியிலிருந்து மேலே வாசிக்கச் சொல்லுங்கள். பாடம் ஒப்பிக்கிற பிள்ளை அங்கே மாட்டிக்கொள்ளும்.

மாட்டிக்கொண்டால் அடிக்காதீர்கள். அடிபட்டவன் என்ற முறையில் சொல்கிறேன். நான் படித்த தோட்டப் பள்ளியில் ஒரே கொட்டகைக்குள் மூன்று வகுப்பு. ஒரே வாத்தியார், ஒரே பிரம்பு. 'ளு'வுக்கும் 'ழு'வுக்கும் வித்தியாசம் தெரியாமல் நான் வாங்கிய அடிக்குக் கணக்கில்லை. அடி வாங்கியபிறகும் வித்தியாசம் தெரியவில்லை. கடைத்தெரு முடிவெட்டும் கடையில் கிடந்த பழைய பத்திரிகையைப் படித்துப் படித்துத்தான் தெரிந்தது.

இனிப் பள்ளியைப் பற்றிக் கொஞ்சம். 1923-ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம், பத்துப் பிள்ளைகள் இருந்தால் தோட்டத்தில் பள்ளிக்கூடம் வைக்க வேண்டும் என்றது. வைத்தார்கள், பேருக்கு. சுதந்திரம் கிடைத்த 1957-இல் நாட்டில் 888 தமிழ்ப் பள்ளிகள் இருந்தன. இன்று ஐந்நூற்றுச் சொச்சம்; பேராக்கில் மட்டும் 130-க்கு மேல். அவற்றில் பல, தோட்டம் கலைந்து ஜனம் ஈப்போ, புந்தோங், மெங்களம்பு என்று பட்டணம் போய்விட்டபின், நூற்றைம்பது பிள்ளைகள்கூட இல்லாத சிறு பள்ளிகள். 'இந்தப் பள்ளியில் என்ன இருக்கு?' என்று நம்மவர்களே உதட்டைப் பிதுக்குகிறார்கள். என் அபிப்பிராயம் வேறு. முப்பத்தைந்து பேர் உள்ள வகுப்பில் ஒவ்வொரு பிள்ளையும் தினம் வாசிப்பதை ஆசிரியரால் கேட்க முடியாது. ஆறு பேர், எட்டுப் பேர் உள்ள வகுப்பில் முடியும். வாசிப்பு ஓட்டமாக வருவதற்கு, தெரிந்த ஒருவர் பக்கத்தில் இருந்து கேட்டுத் திருத்துவதைப்போல வேறு மருந்து இல்லை. சிறு பள்ளி இந்த ஒரு விஷயத்தில் பெரிய பள்ளியை மிஞ்சலாம். மிஞ்சவில்லையென்றால் ஏன் என்று கேட்கத்தான் வேண்டும்.

இரண்டு வகுப்பைச் சேர்த்து நடத்தும் பள்ளிக்கும் வழி உண்டு. இந்தியாவில் பிரதம் என்ற தொண்டு நிறுவனம் 2005 முதல் கிராமம் கிராமமாக வீட்டுக்கே போய்ப் பிள்ளைகளை வாசிக்கச் சொல்லிப் பார்த்து வருகிறது. 2018-இல் ஐந்தாம் வகுப்பில் இருந்தவர்களில் ஏறக்குறையப் பாதிப்பேர்தான் இரண்டாம் வகுப்புப் பாடத்தை வாசித்தார்கள். அதற்கு அவர்கள் கண்ட மருந்து: நாளில் ஒரு மணி நேரம் வகுப்பை மறந்துவிட்டு, எழுத்துத் தெரியாதவர் ஒரு கூட்டம், சொல் வாசிப்பவர் ஒரு கூட்டம், பத்தி வாசிப்பவர் ஒரு கூட்டம் என்று பிரித்து, அவரவர் இருக்கும் படியிலிருந்து ஏற்றுவது. இது பலன் தருவதைச் சோதித்துக் காட்டியவர்களில் பானர்ஜியும் டுஃப்ளோவும் 2019-இல் பொருளாதார நோபல் பரிசு பெற்றார்கள். தமிழ்நாட்டு அரசும் 2022-இல் 'எண்ணும் எழுத்தும்' என்ற திட்டத்தை முதல் மூன்று வகுப்புகளுக்குத் தொடங்கி, படிக்கேற்பப் பிள்ளைகளைப் பிரித்துக் கற்பித்தது.

நம் நாட்டில் முயற்சியே இல்லை என்று சொன்னால் பாவம். 2010-இல் லினுஸ் திட்டம் வந்தது. முதல் மூன்று ஆண்டுகளுக்குள் வாசிக்கவும் கணக்குப் போடவும் தெரிய வேண்டும் என்று பிள்ளைகளைச் சோதித்தார்கள். அது இப்போது அந்தப் பெயரில் இல்லை. 2021-இல் ஆறாம் ஆண்டு யு.பி.எஸ்.ஆர். தேர்வும் போய்விட்டது. தேர்வு போனதற்கு நான் அழவில்லை. பன்னிரண்டு வயதில் தெரியும் தோல்வியால் யாருக்கு என்ன லாபம்? ஆனால் நம் பெற்றோருக்கு மணி அடித்துச் சொல்லும் ஆள் இல்லாமல் போய்விட்டது. பிள்ளை இடைநிலைப் பள்ளிக்குப் போய், மலாய்ப் பாடநூலை விரித்து உட்கார்ந்தபிறகு தெரிந்தால் வெகு தாமதம். நன்றாக வாசிக்கிற பிள்ளை நிறைய வாசிக்கும், வாசிக்க வாசிக்கச் சொல் பெருகும். தடுமாறும் பிள்ளை புத்தகத்தைக் கண்டாலே ஓடும், வருடத்துக்கு வருடம் இடைவெளி அகலும். கீத் ஸ்டானோவிச் என்பவர் 1986-லேயே இதை விளக்கிவிட்டார். ஆறாம் ஆண்டில் டியூஷனுக்குக் கொட்டும் பணத்தையும் பதற்றத்தையும் முதலாம் ஆண்டுக்கு மாற்றுங்கள் என்கிறேன்.

பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டம் வரும்போது, விளையாட்டுப் போட்டிக்கு டி-சட்டை என்ன நிறம் என்பதோடு இதையும் கேளுங்கள்: முதலாம் ஆண்டுக்கு யார் ஆசிரியர்? அனுபவசாலியா, அல்லது நேற்று வந்தவரா? ஒவ்வொரு பிள்ளையையும் தனியே வாசிக்கச் சொல்லிக் கேட்பது வாரத்தில் எத்தனை தடவை? என் பிள்ளைக்கு இன்றைக்கு எத்தனை எழுத்து நிச்சயமாகத் தெரியும்? கோபமாகக் கேட்க வேண்டாம். ஆசிரியர்களுக்கும் கோப்பு எழுதவே நேரம் போதவில்லை என்பது எனக்குத் தெரியும். ஆனால் கேளுங்கள். கேட்கிற பெற்றோரின் பிள்ளை எந்த வகுப்பிலும் மறக்கப்படுவதில்லை.

அந்தப் பையன் கதைக்கு வருகிறேன். அன்றைக்கே ஒரு தாளில் எழுத்துகளைக் கலைத்துப் போட்டு ஒவ்வொன்றாகக் கேட்டுப் பார்த்தோம். அகர வரிசையில் பதினெட்டுக்குப் பதினொன்று தெரிந்தது. கால் தெரிந்தது, புள்ளி தெரியவில்லை. அதனால்தான் "கடல்" பூட்டிக் கிடந்தது. அடுத்த வீட்டில் இரண்டாம் படிவம் படிக்கும் அக்காள் ஒருத்தி, சாயங்காலம் வாசற்படியில் பத்து நிமிடம் அவனோடு உட்கார ஒப்புக்கொண்டாள். பாட்டி ஒரு தகரத்தட்டில் ஆற்று மணலைச் சலித்துப் போட்டுக் கொடுத்தார். "எங்க காலத்துல இப்படித்தாங்க எழுதுனோம், ரெண்டாவதோட நிறுத்திட்டாங்க" என்றார். போன மாதம் போயிருந்தேன். பையன் மூன்றாம் ஆண்டுக்கு வந்துவிட்டான். ஓட்டம் இன்னும் வரவில்லை. நிறுத்தி நிறுத்தித்தான் வாசிக்கிறான். உகர வரிசை முடிந்தது, ஊகாரம் நடக்கிறது. கொம்பு இன்னும் பாக்கி. புத்தகத்தை வேண்டுமென்றே வேறு பக்கத்தில் திறந்து கொடுத்தேன். எந்தப் பக்கம் திறந்திருந்ததோ அந்தப் பக்கத்தைத்தான் வாசித்தான்.